ஹெட்மாஸ்டர் வீடு திரும்பிய வழி

அந்தோணி அண்ணன் கடையிலிருந்த மூன்றாம் நம்பர் மானிட்டரின் முதுகில் இரண்டு உள்ளங்கைகளையும் அப்பி வைத்தால், அப்போதுதான் பேக்கரி அடுப்பிலிருந்து இறக்கிய பன் தட்டைத் தொட்டது மாதிரி ஓர் இதமான சூடு ஏறும். கூடவே ஈர ஸ்வெட்டர் காய்கிற வாடையும் வந்து மூக்கில் உட்காரும். இன்றைய மானிட்டர்களுக்கு முதுகே கிடையாது, சுவரில் மாட்டிய காலண்டர் மாதிரி இருக்கின்றன. நான் சொல்வது இரண்டாயிரத்துக்குப் பிந்தைய முதல் சில வருடங்களில், பின்பக்கம் பூசணிக்காயாகப் புடைத்துக்கொண்டு, மேசையில் முக்கால்வாசியை அடைத்துக்கொண்டிருந்த ரகத்தை. டிசம்பர் மாதத்துக் கொடைக்கானலில், எங்கள் நாயுடுபுரத்தில், வீட்டுக்குள் கரி மூட்டினால் புகை கண்ணைக் கரிக்கும், மூன்றாம் நம்பர் கரிக்காது. அறிவுத் தாகத்தால்தான் நான் சின்ன வயதிலேயே கம்ப்யூட்டர் பக்கம் போனதாக என் உறவினர்கள் நம்புகிறார்கள். நான் இதுவரை அதை மறுத்ததில்லை. ஆனால் முதன்முதலில் அந்தக் கடையின் மாடிப்படியை ஏறியது தலைக்காக அல்ல, கைகளுக்காக.

அந்தக் கைகளைப் பற்றியும் சொல்லிவிட வேண்டும். அம்மா பழைய ஸ்வெட்டர் ஒன்றைப் பிரித்து எனக்கு அரைவிரல் கையுறை பின்னிக் கொடுத்திருந்தார். கிளிப்பச்சை நிறம். வலது கையின் கட்டைவிரலுக்கு வரும்போது பச்சை நூல் தீர்ந்துவிட்டதால், அது மட்டும் ஆரஞ்சு. பள்ளிக்கூடத்தில் என்னைக் "கேரட்டு" என்று கூப்பிட்டார்கள். மலையே கேரட் விளைவிக்கிற ஊரில் அந்தப் பெயருக்குத் தட்டுப்பாடே வரவில்லை.

அந்தோணி அண்ணன் கடைக்கு "பிரவுசிங்" என்று பெயர். மூன்றாம் நம்பரில் மட்டும் ஒரு விளையாட்டு இருந்தது. யாரோ சுற்றுலா வந்த கல்லூரிப் பையன் மறந்துவிட்டுப் போன, உறையில்லாத, பேனாவால் ஏதோ கிறுக்கிய சிடி. அதன் பெயர் என்னவென்று கடைசி வரை எங்களுக்குத் தெரியாது. சுட வேண்டாம், ஓட வேண்டாம், ஜெயிக்கவும் வேண்டாம். ஒரு பெரிய உலகத்தில் உன்னை இறக்கிவிட்டு, "இஷ்டத்துக்கு இரு" என்று சொல்லிவிடும். மரம் வெட்டலாம், கல் உடைக்கலாம், வீடு கட்டலாம், கால்போன போக்கில் போகலாம். நானும் என் வகுப்புத் தோழன் ஜெயசீலனும் தீபாவளிக்குப் பிறகு வந்த சனிக்கிழமைகளில் ஆரம்பித்து அரைப்பரீட்சை லீவு வரைக்கும் அதில் ஒரு வீடு கட்டினோம். வீடு கடற்கரையில். அது சீலனின் பிடிவாதம். எங்கள் இருவருக்கும் கடல் தெரியாது, ஏரிதான் தெரியும். கட்டுகிற வீட்டையாவது அலைக்குப் பக்கத்தில் கட்டுவோம் என்றான்.

விதிகள் கறாரானவை. வீட்டு வாசலுக்கு வந்து எண்டர் தட்டினால் நம்முடைய ஆள் உள்ளே போய்க் கட்டிலில் படுப்பான். அவன் படுத்தால்தான் அன்றைக்குச் செய்ததெல்லாம் கம்ப்யூட்டரின் நினைவில் நிற்கும். வெளியே நடுக்காட்டில் நிற்கும்போது சிஸ்டத்தை அணைத்துவிட்டால், அடுத்த தடவை ஆள் மட்டும் வீட்டில் விழிப்பான், கூட எடுத்துக்கொண்டு போனதெல்லாம் போனதுதான். குதிரை உட்பட. ஆம், எங்களிடம் ஒரு குதிரை இருந்தது. மூன்று வாரம் புல் காட்டிப் பழக்கிய சாம்பல் நிறக் குதிரை. நீண்ட முகமும், நம்மைத் தாண்டி எங்கோ பார்க்கிற பார்வையும் எங்களுக்குப் பழக்கமான ஒருவரை நினைவூட்டியதால் அதற்கு "ஹெட்மாஸ்டர்" என்று பெயர் வைத்தோம். ஹெட்மாஸ்டர் முதுகில் ஏறிச் சவாரி போன மாணவர்கள் தமிழ்நாட்டில் நாங்கள் இரண்டு பேராகத்தான் இருப்போம்.

அந்த உலகத்தில் வரைபடம் கிடையாது. ஐம்பது அடிக்கு அப்பால் எல்லாம் வெள்ளையாக மங்கிவிடும். மதுரையிலிருந்து வந்த ஒரு பையன் ஒருநாள் எட்டிப் பார்த்துவிட்டு, கம்ப்யூட்டருக்குச் சக்தி போதாததால்தான் தூரத்தில் ஒன்றும் தெரியவில்லை என்று விளக்கினான். எங்களுக்கு அப்படித் தோன்றியதே இல்லை. மணி நாலாகிவிட்டது, எங்கள் ஊர் மூடுபனியான "மஞ்சு" இறங்கிவிட்டது, அவ்வளவுதானே என்று நினைத்திருந்தோம்.

வழி கண்டுபிடிப்பதில் எங்கள் ஊர்க்காரர்களுக்கு ஒரு பழக்கம் உண்டு. யாரும் இடது வலது சொல்லமாட்டார்கள், கிழக்கு மேற்கும் கிடையாது. மேலே, கீழே, தீர்ந்தது. "மேல கடை", "கீழ வீடு", "மேல போய் அப்படியே கீழ எறங்கு" என்று சொன்னால் எங்களுக்குப் புரியும், மற்றவர்கள் ஏரியில் போய் நிற்பார்கள். மலையடிவாரத்தில், பழனிக்குப் பக்கத்துப் பாலசமுத்திரத்தில் அத்தை வீடு இருந்தது. தைப்பூசத்துக்கு அங்கே போகும்போதெல்லாம் அம்மா, கூட்டத்தில் தொலைந்து போனால் மலையைப் பார்த்து நடக்கும்படி சொல்லி அனுப்புவார். மேலே என்றால் வீடு, கீழே என்றால் வெளியூர். இந்த ஒரு வரி என் காலிலேயே எழுதியிருந்தது. அதன் விளைவைப் பிறகு சொல்கிறேன்.

நிஜக் குதிரை ஒன்றும் எங்கள் வீட்டில் இருந்தது. அப்பா ஏரிக்கரையில் குதிரைச் சவாரி விடுபவர். சிறு வயதில் இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து கப்பலில் ஏற்றி அனுப்பப்பட்ட குடும்பம் அவருடையது. இன்றைக்கும் எங்கள் தெருவின் வீட்டு வரிசையை "லயம்" என்றுதான் சொல்வார். அவருடைய குதிரைக்கு பிரின்ஸ் என்று பெயர். சாயங்காலம் கூட்டம் வடிந்ததும் அப்பா அதன் கடிவாளத்தைக் கழுத்தில் சுற்றி, முதுகில் ஒரு தட்டுத் தட்டி விட்டுவிடுவார். அவர் டீக்கடையில் இரண்டு பேரிடம் அரசியல் பேசி, மூன்றாவது ஆளிடம் கோபித்துக்கொண்டு வருவதற்குள், பிரின்ஸ் தானாக மேடேறி வந்து கொட்டகைத் தகரக் கதவை மூக்கால் முட்டும். தகரச் சத்தம் கேட்டதும் அம்மா அடுப்பில் தேத்தண்ணி வைப்பார். தினமும் நான் கேட்ட சத்தம். அதிலிருந்து நான் எதையும் கற்றுக்கொள்ளவில்லை என்பதைத்தான் இந்தக் கட்டுரை நிரூபிக்கப் போகிறது.

அந்த டிசம்பரில் சீலனின் அப்பா திருப்பூரில் பனியன் கம்பெனி வேலைக்குப் போக முடிவு செய்துவிட்டார். லீவு முடிவதற்குள் குடும்பத்தோடு இறங்குகிறார்கள். ஞாயிற்றுக்கிழமை கடைசியாக ஒரு தடவை வந்து வீட்டைப் பார்ப்பேன் என்றும், வாசலில் கல் பதித்து இரண்டு பேர் பெயரின் முதல் எழுத்தையும் போட வேண்டும் என்றும் சீலன் சொன்னான். அதுவரை வீட்டைப் பார்த்துக்கொள்வது என் பொறுப்பு. போகும்போது மாடிப்படியில் நின்று திரும்பி, "ஏலே கேரட்டு, ஹெட்மாஸ்டரை வெளிய கூட்டிட்டுப் போயிராத. தொலைச்சிட்டன்னா நான் திருப்பூர்ல இருந்து நடந்து வந்து உதைப்பேன்" என்றான். சிரித்துக்கொண்டுதான் சொன்னான். ஆனால் அந்த வீட்டைத் தவிரக் கொடைக்கானலில் விட்டுவிட்டுப் போக அவனுக்கென்று வேறொன்றும் இல்லை என்பது எனக்குத் தெரியும். வாடகை வீட்டுக்காரப் பையன் அவன்.

வெள்ளிக்கிழமை மூன்றரை மணிக்கு நான் ஹெட்மாஸ்டரை வெளியே கூட்டிக்கொண்டு போனேன்.

நல்ல எண்ணம்தான். மலைப்பக்கம் எங்கோ நீலக் கல் கிடைக்கும் என்று ஒரு சந்தேகம். சீலன் வருவதற்குள் வாசலில் நீலக் கல் பதித்து அவனை அசத்திவிடலாம் என்று பார்த்தேன். போவதற்கு முன் வீட்டில் இருந்த அத்தனையையும் குதிரை மேல் ஏற்றினேன். விதை, கோடாரி, இரண்டு விளக்கு, ஜன்னலுக்காக உருக்கி வைத்திருந்த கண்ணாடி, எல்லாம். ஏன் ஏற்றினாய் என்று கேட்டால், அது பரம்பரைக் குணம். ஒருநாள் பழனிக்குப் போவதற்கே அம்மா அடுப்பைத் தவிர மற்ற எல்லாவற்றையும் மூட்டை கட்டுவார். ஒருமுறை அம்மிக்குழவி வரை வந்தது.

ஏரிக்குக் குதிரை பிடிக்க வரச் சொல்லியிருந்த அப்பாவிடம், லைப்ரரியில் ரெக்கார்டு நோட்டு எழுத வேண்டிய "சோலி" இருக்கிறது என்று சொல்லிவிட்டு வந்திருந்தேன். அந்தோணி அண்ணன் டைம்பீஸில் ஐந்து மணிக்கு அலாரம் வைத்தார். கிறிஸ்துமஸ் கூட்டம் ஊரில் இருந்ததால் அடுத்த ஆள் பெஞ்சில் வந்து உட்கார்ந்துவிடுவார். அலாரம் அடித்தால் அண்ணன் பேசமாட்டார், சுவிட்சில் விரலை வைத்துவிடுவார்.

நீலக் கல் கிடைக்கவில்லை. அது பரவாயில்லை. நாலரை மணிக்குத் திரும்பலாம் என்று குதிரையைத் திருப்பினேன். அப்போதுதான், எந்தப் பக்கம் திருப்பினேன் என்று எனக்கே தெரியவில்லை என்பது தெரிந்தது. வெள்ளை. ஒரு மரம். அதைத் தாண்டினால் அதே மரம், அல்லது அதன் அண்ணன் தம்பி. வழியில் பிளந்த பாறை ஒன்றை அடையாளம் வைத்திருந்தேன். இப்போது பார்த்தால் அந்த உலகத்தில் பாறைகள் எல்லாமே பிளந்துதான் இருந்தன. ஓடைச் சத்தம் கேட்டது. இரண்டு அடி நகர்ந்தால் அதுவும் நின்றது.

இந்த இடத்தில் வீரமாக ஏதாவது எழுதலாம் என்று பார்க்கிறேன், பேனா மறுக்கிறது. நான் பயந்தேன். ஸ்வெட்டருக்குள் வியர்த்தது. டிசம்பரில், நாயுடுபுரத்தில், உட்கார்ந்த இடத்தில் வியர்த்த முதல் மனிதன் நானாகத்தான் இருப்பேன். அந்த நேரத்தில் மூளை ஒரு பக்கம் ஒதுங்கிக்கொள்ள, கால் பொறுப்பை எடுத்துக்கொண்டது. காலுக்குத் தெரிந்தது ஒன்றே ஒன்று. மேலே ஏறினால் வீடு.

மேல் அம்புக்குறியை விடாமல் அழுத்திக்கொண்டு ஏறினேன். மேடு தெரிந்தால் மனசுக்குள் ஒரு ஆறுதல், சரியான வழிதான் என்று. இன்னும் ஏறினேன். மரங்கள் குட்டையாகின. தரை வெளுத்தது. பனி. நான் விளையாட்டிலும் நிஜத்திலும் பார்த்திராத பனி, ஹெட்மாஸ்டரின் முழங்கால் வரைக்கும். கடற்கரையில் கட்டிய வீட்டைத் தேடி நான் மலை உச்சியில் நின்றேன். அப்போதும் என் புத்தியில் உறைத்தது என்ன தெரியுமா? போதுமான அளவு ஏறவில்லை என்பது. இன்னும் ஏறினேன். டைம்பீஸில் ஐந்துக்குப் பன்னிரண்டு நிமிடம். உள்ளேயும் பொழுது சாய்ந்து திரை மங்கியது. பிள்ளையாரிலிருந்து பூண்டி மாதா வரை யாரையும் விடவில்லை, மனசுக்குள் வரிசையாகக் கூப்பிட்டேன்.

யாரோ ஒருவர் வந்தார். மாடிப்படியில் ரப்பர் பூட்ஸ் சத்தம், அதற்கு முன்பே குதிரை வாடை.

அப்பா அங்கே வருவார் என்று நான் நினைக்கவே இல்லை. போன வாரம் பெங்களூர்க் குடும்பம் ஒன்று பிரின்ஸைப் படம் எடுத்து, அந்தோணி அண்ணன் கடை மெயிலுக்கு அனுப்புவதாகச் சொல்லிவிட்டுப் போயிருந்தது. மஞ்சு இறங்கி ஏரிக்கரை காலியானதும், பிரின்ஸைத் தட்டி விட்டுவிட்டு, படம் வந்ததா என்று கேட்க ஏறி வருகிறார். நான் கைகளை எடுத்தேன், உடம்பை மடித்தேன், மேசைக்கு அடியில் போனேன். அந்த வேகத்தைப் பள்ளி விளையாட்டு விழாவில் காட்டியிருந்தால் வீட்டில் இன்று ஒரு கோப்பை இருந்திருக்கும். அந்தோணி அண்ணன் என்னைப் பார்த்தார், கூரையைப் பார்த்தார், "வாங்கண்ணே" என்றார்.

படம் வந்திருந்தது. இரண்டாம் நம்பரில் அதைத் திறந்தார். அந்தக் காலத்துப் படம் மேலிருந்து கீழாக ஒவ்வொரு கோடாகத்தான் இறங்கும். முதலில் வெறும் வானம், பிறகு பிரின்ஸின் காது. காதிலிருந்து கண்ணுக்கு வரவே டீ குடித்துவிட்டு வரலாம். காத்திருக்கப் பொறுமையில்லாமல் அப்பாவின் ரப்பர் பூட்ஸ் திரும்பியது. மூன்றாம் நம்பர் பக்கம். என் மூக்குக்கு நேரே இரண்டு சேற்று பூட்ஸ்.

"தம்பி, இது என்ன, சினிமாவா?"

விளையாட்டு என்றார் அண்ணன். விளையாடுகிற ஆள் எங்கே என்று அப்பா கேட்டார். வெளியே போயிருப்பதாக அண்ணன் சொன்னார். அவர் ஞாயிறு தவறாமல் கோவிலுக்குப் போகிறவர், எனக்காக ஒரு பொய் சொன்னார்.

"ஆளு இல்லாமயே இது போகுதுங்களே" என்றார் அப்பா. "கடிவாளம் தொங்கிக் கெடக்கு. மேல உக்காந்திருக்கவன் புடிக்கவே இல்ல, சாக்கு மூட்டை மாதிரி உக்காந்திருக்கான். குதிரை பாட்டுக்கு எறங்குது பாருங்க."

மேசைக்கு அடியில் எனக்கு அப்போதுதான் உறைத்தது. அத்தனை வாரத்திலும் நாங்கள் இருவரும் அந்தக் குதிரையின் மேல் உட்கார்ந்திருந்தபோது பட்டனிலிருந்து விரலை எடுத்ததே இல்லை. எடுத்தால் என்ன ஆகும் என்று பார்த்ததே இல்லை. பயத்தில் அப்பாவுக்கு ஒளிந்த இந்தச் சாக்கு மூட்டை கையை எடுத்ததும், ஹெட்மாஸ்டர் என்னைப் பற்றி முடிவு கட்டிவிட்டுத் தானாக நடக்க ஆரம்பித்திருந்தார்.

அப்புறம் நடந்ததை நான் பார்க்கவில்லை, கேட்டேன். அப்பா நின்றபடி, ரேடியோவில் கிரிக்கெட் சொல்வது மாதிரி அந்தோணி அண்ணனுக்குச் சொல்லிக்கொண்டே வந்தார். வெள்ளையாகக் கிடந்தது போய்ப் பச்சை வந்துவிட்டது. ஓடையில் இறங்குகிறது, ஆழம் பார்த்து ஓரமாகத்தான் போகிறது, புத்தியுள்ளது. பிளந்த பாறையைச் சுற்றி வருகிறது. இரண்டாம் நம்பரில் பிரின்ஸின் படம் முழுசாக வந்துவிட்டதென்று அண்ணன் சொன்னார். அப்பா திரும்பவில்லை.

அலாரம் அடித்தது. பெஞ்சில் காத்திருந்தவர் எழுந்த சத்தம். அண்ணனின் செருப்பு சுவிட்ச் பக்கம் நகர்ந்தது. நான் கண்ணை மூடிக்கொண்டேன். சீலன் மாடிப்படியில் நின்று திரும்பிப் பார்ப்பது தெரிந்தது.

"இருங்க தம்பி" என்றார் அப்பா. "பாதி வழியில நிறுத்தாதீங்க. அது வீடு சேரட்டும்." பிறகு பெஞ்ச் பக்கம் திரும்பி, "ஒரு நிமிசம் பொறுங்க சார், வாயில்லா சீவன்" என்றார்.

அந்த சார் பொறுத்தார். அவர் யாரென்று தெரியாது. அவர் குடும்பம் நன்றாக இருக்கட்டும்.

"கடல் வந்துருச்சு" என்றார் அப்பா. "அந்தா வீடு. ஓலை போட்டிருக்கு. வாசல்ல போய் நின்னுருச்சு பாருங்க, நம்ம பிரின்ஸு மாதிரியே. சரி தம்பி, இனி அணைச்சுக்கங்க."

அணைத்தால் எல்லாம் போயிற்று. வாசலில் நின்றால் போதாது, படுக்க வேண்டும், எண்டர் தட்ட வேண்டும். மேசைக்கு அடியில் இருந்துகொண்டு நான் என் வாழ்க்கையின் மிகத் துணிச்சலான, மிக முட்டாள்தனமான காரியத்தைச் செய்தேன். வலது கையை மட்டும் மெதுவாக மேசை விளிம்புக்கு மேலே அனுப்பினேன். பாம்பு புற்றுக்குள்ளிருந்து வெளியே வருகிற மாதிரி அது கீபோர்டைத் தடவிக்கொண்டு போனது. ஊரிலேயே ஒரே ஒரு ஆரஞ்சுக் கட்டைவிரல் உள்ள பச்சைக் கையுறை அது என்பதை மறந்துவிட்டேன்.

என் விரல் ஏதோ ஒரு பட்டனில் நின்று, இதுவா அதுவா என்று தடவியது. அப்பாவின் கை வந்து என் மணிக்கட்டைப் பிடித்தது. பிடித்து, இழுக்கவில்லை. ஆளைக் கட்டிலில் படுக்க வைத்தால்தான் எல்லாம் நிற்கும் என்று அண்ணன் அவரிடம் சொன்னார்.

"அண்ணன் சொல்ற பட்டனைத் தட்டு. அவனைப் படுக்க வச்சிட்டு வெளிய வாலே."

அந்தோணி அண்ணன் என் விரலைப் பிடித்து எண்டர் மேல் வைத்தார். தட்டினேன். உள்ளே படுக்கிறபோது ஒரு சின்ன மணிச் சத்தம் வரும். வந்தது. அந்தச் சத்தத்தைக் கேட்டதும் என் முதுகெலும்பு முழுவதும் வெண்ணெயாக இளகியது இன்னும் நினைவிருக்கிறது. உதை விழப்போவது உறுதி என்று தெரிந்தும் சிரித்துக்கொண்டேதான் வெளியே தவழ்ந்தேன்.

அப்பா என்னை மேலும் கீழும் பார்த்தார். "லைப்ரரியை எப்ப இங்க மாத்துனாங்க?" என்றார்.

உதை விழவில்லை. "வெரசா நட" என்று மட்டும் சொல்லிவிட்டு, பிரின்ஸின் படத்தை அச்செடுத்த தாளை ஸ்வெட்டருக்குள் செருகிக்கொண்டார். படத்தில் பிரின்ஸ் முழுசாக இருந்தது, பக்கத்தில் நின்ற அப்பாவின் தலை பாதி வெட்டுப்பட்டிருந்தது. அதைப் பற்றி அவருக்குப் புகார் இல்லை. மஞ்சில் மேடேறிப் போகும்போது, அந்தச் சாக்கு மூட்டை யார் என்று ஒரே ஒரு தடவை கேட்டார். நான் என்றேன். நினைத்தேன் என்றார். வீட்டுக்குப் போனால் பிரின்ஸ் எங்களுக்கு முன்பே வந்து தகரத்தை முட்டியிருந்தது, அம்மா வைத்த தேத்தண்ணி ஆறிப்போயிருந்தது.

ஞாயிற்றுக்கிழமை சீலன் வந்தான். விளக்கு, கோடாரி, கண்ணாடி என்று ஒவ்வொன்றாக இருக்கிறதா என்று பார்த்தான். எல்லாம் இருந்தன. நீலக் கல் இல்லாததால் சாதாரணக் கல்லிலேயே இரண்டு எழுத்தையும் பதித்தோம். கடைசியில் ஹெட்மாஸ்டரைச் சுற்றி வந்து பார்த்துவிட்டு, "வெளிய கூட்டிட்டுப் போனியா?" என்றான். நான் கூட்டிக்கொண்டு போனேன், அவர்தான் என்னைக் கூட்டிக்கொண்டு வந்தார் என்று நடந்ததை எல்லாம் சொன்னேன். கையுறை இடம் வந்தபோது அவன் சிரித்த சிரிப்பில் அந்தோணி அண்ணன் எழுந்து வந்துவிட்டார். மறுநாள் காலை வெள்ளனே அவர்கள் வேனில் இறங்கிப் போனார்கள்.

இப்போது அந்த மாடியில் சாக்லேட் கடை இருக்கிறது. மூன்றாம் நம்பரைப் பழைய இரும்புக்காரர் எடை போட்டு எடுத்துக்கொண்டு போனார். சிடி எங்கே போனதென்று அண்ணனுக்கே தெரியவில்லை. பெயர் தெரியாத விளையாட்டை எந்தக் கடையில் போய்க் கேட்பது? பிரின்ஸ் போய்ப் பல வருடம் ஆகிறது. கொட்டகைத் தகரத்தை இப்போது யாரும் முட்டுவதில்லை. என் கையில் இருக்கிற போனில் உலகத்தின் எல்லா வழியும் இருக்கிறது. போன மாதம் கவுஞ்சியில் ஒரு கல்யாணத்துக்குப் போய்விட்டுத் திரும்பும்போது அதில் சிக்னல் செத்து, மஞ்சும் சூழ்ந்துகொண்டது. நாற்பதை நெருங்கும் நான், வேலையும் வழுக்கையும் உள்ள நான், முதல் காரியமாக என்ன செய்தேன்? காரை மேட்டுப் பக்கம் திருப்பி, கேரட் வயலுக்குள் போய் நின்றேன். ஸ்டியரிங்கிலிருந்து கையை எடுத்துப் பார்த்தேன். காருக்கு வழி தெரியவில்லை.

அப்பா அதே வீட்டில்தான் இருக்கிறார். முழங்கால் வலியால் ஏரிப்பக்கம் போவதில்லை. நான் ஊருக்குப் போகும்போது, கவுஞ்சிக் கதை மாதிரி ஏதாவது ஒன்றைச் சொல்லி அவரைச் சிரிக்க வைப்பது என் வேலை. இந்தத் தடவை சிரித்து முடித்தவர், கொட்டகைப் பக்கம் பார்த்துக்கொண்டே கேட்டார்.

"அந்தக் கடல் வீட்டுக் குதிரை இன்னும் வாசல்லயே நிக்குதா?"

"நிக்குதுப்பா" என்றேன்.

"நிக்கட்டும். நாம அவனைப் படுக்க வச்சிட்டுத்தான வந்தோம்" என்றார். அம்மா தேத்தண்ணி கொண்டு வந்தார், சூடாகவே இருந்தது.